ஆணியில் தொங்கும் டைகள்

கோலார் தங்கச் சுரங்கத் தொழிலாளர்களின் ஸ்கெலட்டன் லைன் வீடுகளில் கட்டிய டையை யாரும் அவிழ்ப்பதில்லை. கல்யாணத்துக்கோ கிறிஸ்துமஸுக்கோ ஒருமுறை கட்டினால், முடிந்ததும் முடிச்சைத் தளர்த்தித் தலை வழியாகக் கழற்றி, கதவுக்குப் பின்னால் இருக்கும் ஆணியில் அப்படியே மாட்டிவிடுவார்கள். அடுத்த விசேஷத்துக்கு அந்த வளையத்துக்குள் தலையை விட்டு இறுக்கிக்கொண்டால் ஆயிற்று. பத்துப் பதினைந்து வருஷமாக அவிழாத முடிச்சுகள் அங்கே உண்டு. பெரும்பாலும் எல்லாமே சைலஸ் கட்டியவை.

நாளைக்குக் கல்யாணம் என்றால் இன்று சாயங்காலமே மாப்பிள்ளை வீட்டிலிருந்து யாராவது புது டையைக் கவரோடு எடுத்துக்கொண்டு வந்துவிடுவார்கள். இந்து வீட்டு மாப்பிள்ளைகளும் ரிசப்ஷனுக்குக் கோட்டும் டையும்தான் போடுகிறார்கள் என்பதால் சைலஸுக்கு எல்லா வீட்டு வேலையும் வந்தது. அவர் வாசல் வெளிச்சத்தில் நின்று அந்த டையைத் தன் கழுத்திலேயே கட்டுவார். கண்ணாடி பார்ப்பதில்லை, கண்ணாடி குழப்பும் என்பார். எதிரே தையல் மிஷினில் உட்கார்ந்திருக்கும் மனைவி ஐடாவைப் பார்த்து, நேராக இருக்கிறதா என்று கேட்பார். அவள் தலையசைத்தால் தளர்த்திக் கழற்றிக் கொடுத்துவிடுவார். கல்யாணமாகி வந்த நாளிலிருந்து அவருக்குக் கண்ணாடி ஐடாதான்.

இன்னொருவர் கழுத்தில் மட்டும் அவர் கட்டியதே இல்லை. அதற்கு ஒரு காரணம் வைத்திருந்தார்.

“அடுத்தவன் கையால டை கட்டிக்கிறது ரெண்டே பேரு. ஒண்ணு மாப்ள, இன்னொண்ணு பொணம். மாப்ளைக்குக்கூட நான் என் கழுத்துல கட்டித்தான் குடுக்கறேன்.”

சைலஸ் சுரங்கத்தில் ஆட்களைக் கொண்டு போகும் கேஜ் என்கிற கூண்டு ஏறி இறங்குவதற்கு மணி அடிக்கும் வேலையில் இருந்தவர். சுரங்கம் மூடியபின் மற்றவர்களைப் போலவே விடிகாலை ரயிலைப் பிடித்து பெங்களூருக்குப் போனார். அங்கே ஒரு ஆராய்ச்சிக் கழகத்து நூலகத்தில் புத்தகங்களை எடுத்துக் கொடுத்துத் திரும்ப அடுக்கும் வேலை கிடைத்தது. அடுக்குகிறவர் படிக்க வேண்டும் என்று சட்டம் ஒன்றும் இல்லை. ஆனால் அங்கே ஒரு கணிதப் பேராசிரியர் எழுதிய மூன்று ஒல்லியான புத்தகங்கள் யாராலும் கேட்கப்படாமலே கிடந்தன. ஒன்று சமச்சீர் பற்றியது, ஒன்று முடிச்சுகள் பற்றியது, மூன்றாவது பாடம் சொல்லிக் கொடுப்பவர்களுக்கானது. கேட்பாரற்றுக் கிடக்கிறதே என்ற இரக்கத்தில்தான் சைலஸ் முதல் புத்தகத்தைத் திறந்தார். ஓய்வு பெற்ற அன்று, வேண்டாமென்று ஒதுக்கிய பழைய பிரதிகளில் அந்த மூன்றையும் அவரிடமே கொடுத்துவிட்டார்கள்.

புத்தகங்களில் கேள்விகள் இருந்தன, கேட்ட இடத்தில் விடைகள் இல்லை. கடைசிப் பக்கத்தில் இருக்கும் என்று திருப்பிப் பார்த்தால், பக்கத்தைத் திருப்பாதே, கையில் கயிற்றை எடு என்று எழுதியிருந்தது. சைலஸ் ஒரு ஷூ லேஸை எடுத்து முடிச்சுப் போட்டு, இரண்டு முனைகளையும் ஒட்டி, ரயிலில் உட்கார்ந்து மாதக்கணக்கில் திருப்பிக்கொண்டிருந்தார். கயிறு மூன்று இடத்தில் தன்னையே தாண்டிப் போகும் முடிச்சு அது. அதற்கு வலது, இடது என்று இரண்டு வகை உண்டு, ஒன்று இன்னொன்றின் கண்ணாடி உருவம். ஒன்றை வெட்டாமல் இன்னொன்றாக மாற்ற முடியுமா என்பது கேள்வி. கூடச் சீட்டு விளையாடுகிறவர்கள், சைலஸ் அண்ணனுக்கு ரயிலில் ஓவர்டைம் என்று கிண்டல் செய்தார்கள்.

ஒருநாள் ஐடா ஜாக்கெட் வெட்டிக்கொண்டே அதைப் பார்த்தாள். “இன்னாங்க இது, வலது கைக்கு வெட்னத இடது தோள்ல தைக்கற மாதிரி. எப்படித் திருப்பினாலும் உக்காராது,” என்றாள். சைலஸ் லேஸைக் கீழே வைத்துவிட்டு அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். ஐந்தாறு அதிகாரம் தள்ளி, பேராசிரியர் அது முடியாது என்று நிரூபித்திருந்தார். ஆனால் கயிறு நாலு இடத்தில் தாண்டும் இன்னொரு முடிச்சு இருந்தது. அது மெல்ல மெல்ல இழுத்து நெகிழ்த்தினால் தன் கண்ணாடி உருவமாகவே மாறிவிட்டது. அது மாறிய அன்று சைலஸ் தூங்கவில்லை. எது திரும்பும், எது திரும்பாது என்று பார்த்தால் தெரியாது ஐடா, பண்ணினால்தான் தெரியும் என்று சொல்லிக்கொண்டே இருந்தார்.

மூன்றாவது புத்தகத்தால்தான் ஐடாவுக்குத் தொல்லை. சொல்லிக் கொடுப்பவன் விடையைச் சொல்லக்கூடாது, கற்றுக்கொள்பவன் கையிலிருப்பதைப் பிடுங்கக்கூடாது, தன் கைகளை மடியில் வைத்துக்கொண்டு உட்கார வேண்டும் என்பது அதன் சாரம். சைலஸ் அதை வீட்டில் கடைப்பிடித்தார். ரயில் எத்தனை மணிக்கு என்று கேட்டாலும், மூக்குக் கண்ணாடி எங்கே என்று கேட்டாலும் ஒரே பதில்தான், கண்டுபுடி. “சக்கரை டப்பா எங்கன்னா, எங்க இருக்க முடியாதுன்னு யோசிங்கறாரு. இவரக் கட்டிக்கினு நான் காபிகூடக் குடிக்க முடியல,” என்று அடுத்த வீட்டு மங்கம்மாவிடம் ஐடா புலம்புவாள்.

ஐடாவின் கை அதற்கு நேர் எதிர். யாராவது ஊசியில் நூல் கோக்கத் திணறினால் அவள் கை தானாக நீண்டு வாங்கிக் கோத்துவிடும். பேத்தி சோற்றைச் சிந்தினால் ஸ்பூனைப் பிடுங்கி ஊட்டிவிடுவாள். கையைச் சும்மா வைத்திருப்பது அவளுக்குக் கைவந்ததே இல்லை.

நவம்பரில் ஒரு காலை, பல் துலக்கிக்கொண்டிருந்த சைலஸ் பிரஷைக் கீழே போட்டார். எடுக்கக் குனிந்தவரால் எழ முடியவில்லை. கோலார் ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பி வந்தபோது வலது கையும் வலது காலும் போயிருந்தன, பேச்சிலும் ஒன்றிரண்டு சொற்கள்தான் மிச்சம். கால் கொஞ்சம் கொஞ்சமாக வந்தது. கம்பை ஊன்றி வாசல் வரை நடந்தார். கை வரவில்லை.

அவர் ஆஸ்பத்திரியில் இருந்தபோது மகள் எலைன் பெங்களூரிலிருந்து வந்து பக்கத்தில் இருந்தாள். ஐடா சமைத்து எடுத்துப் போவதற்காக வீட்டுக்கு வந்து போனாள். வந்த இடத்தில் கை சும்மா இருக்கவில்லை. திரைச்சீலைகளைத் துவைத்தாள். கிறிஸ்துமஸுக்குள் எழுந்து வந்துவிடுவார் என்ற ஜெபத்தோடு கோட்டை வெளுக்கப் போட்டாள். கதவுக்குப் பின்னால் தொங்கிய அவருடைய மெரூன் டையில் வியர்வைக் கறை இருந்தது. அதை அவிழ்த்து அலசி, உலர்த்தி, சுருக்கமில்லாமல் அயர்ன் பண்ணி பீரோவில் மாட்டினாள். நல்ல வேலை செய்த திருப்தியோடு ஆஸ்பத்திரிக்குப் போனாள்.

கிறிஸ்துமஸ் காலையில் சைலஸ் வெள்ளைச் சட்டையைப் போட்டுக்கொண்டு கதவுக்குப் பின்னால் பார்த்தார். ஆணி காலியாக இருந்தது. ஐடா பீரோவைத் திறந்து, ஸ்கேல் வைத்துக் கோடு போட்டதுபோல நேராகத் தொங்கிய டையை எடுத்து வந்தாள். இருவரும் அதைப் பார்த்தார்கள். அப்போதுதான் அவளுக்கு உறைத்தது. முடிச்சு இருந்திருந்தால் இடது கையாலேயே தலையில் மாட்டி இறுக்கியிருப்பார்.

நான் கட்டிவிடுகிறேன் என்று கையை நீட்டினாள். சைலஸ் வேண்டாமென்று தலையை ஆட்டினார். நாற்காலியில் உட்கார்ந்து, இடது கையால் சட்டையின் மேல் பித்தானைக் கழற்றினார். அன்று இருவருமே சர்ச்சுக்குப் போகவில்லை.

அவர் ஒரு வார்த்தை திட்டவில்லை. அதற்குக் காரணம் ஐடாவுக்குத் தெரியும். சைலஸ் சின்ன வயதில் அப்பாவின் டையை அவிழ்த்தவர். அப்பாவுக்கு யாரோ ஒரு அதிகாரி கட்டிய நிலையிலேயே கொடுத்த டை அது, அந்த வீட்டில் கட்டத் தெரிந்தவர் யாருமில்லை. உள்ளே என்ன இருக்கிறது என்று பார்க்கும் ஆசையில் ஒரு சனிக்கிழமை அவிழ்த்துவிட்டு, அடி வாங்குவதற்குள் கட்டிவிட வேண்டும் என்று பகல் முழுக்கப் போராடி, துணியில் விழுந்திருந்த மடிப்புக் கோடுகளைப் பார்த்துப் பார்த்தே வழியைப் பிடித்தார். அப்படிக் கற்றதுதான். ஆனால் ஐடா அந்த மடிப்புக் கோடுகளைக்கூட அயர்ன் பண்ணிவிட்டாள்.

புது வருஷம் பிறந்தது. ஐடா தனியாகச் சர்ச்சுக்குப் போய் வந்தாள். பெஞ்சில் அவள் பக்கத்து இடத்தில் யாரும் உட்காரவில்லை, அதுவே அவளுக்குத் தாங்கவில்லை. பாஸ்டர் வீட்டுக்கு வந்து நற்கருணை கொடுத்தார். சைலஸ் திறந்த கழுத்தோடு வாங்கிக்கொண்டார், தலையை நிமிர்த்தவில்லை. கூடப் பாட்டுக் குழுவில் பாடும் கொர்னேலியஸ் வந்து, “கர்த்தர் இன்னா டையா கேக்கறாரு? சும்மா வாப்பா,” என்று சத்தம் போட்டுப் பார்த்தார். சைலஸ் ஜன்னல் வழியே, சுரங்கக் கழிவு மண் குவிந்த சயனைடு மேட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார். டை இல்லாமல் போகமாட்டார், இன்னொருவர் கட்டிவிடவும் விடமாட்டார். இப்படியே இருந்துவிட்டால் அடுத்த முறை இந்தக் கழுத்தில் டை ஏறுவது எப்போது, யார் கையால் என்ற நினைப்பு வந்ததும் ஐடா மிஷினை வேகமாக மிதித்தாள். ஈஸ்டருக்குள் அவர் தன் பக்கத்தில் வந்து உட்கார வேண்டும். அவளுக்கு வேறொன்றும் வேண்டியிருக்கவில்லை.

யோசித்துப் பார்த்தால் லைன் முழுக்க அவர் கட்டிய முடிச்சுகள்தான் தொங்குகின்றன. ஐடா மங்கம்மா வீட்டுக்குப் போனாள். மங்கம்மாவின் புருஷன் நாகேஷுக்குக் கல்யாணத்தன்று சைலஸ் கட்டிக் கொடுத்த டை இன்னும் காலண்டருக்குப் பின்னால் ஆணியில் இருந்தது. மங்கம்மா தூசி தட்டி, “எடுத்துக்கினு போ அக்கா. இதுக்கு மேல இவருக்கு யார் பொண்ணு குடுக்கப் போறாங்க,” என்றாள்.

சைலஸ் அந்த டையை வாங்கி முடிச்சை விரலால் தடவினார். தன் கையெழுத்தை அடையாளம் கண்டவர்போல வாயின் இடது ஓரம் அசைந்தது. பிறகு அதைத் திருப்பி ஐடாவிடம் நீட்டினார்.

“நாகேஷ்,” என்றார். கொஞ்ச நேரம் சொல்லைத் தேடி, “மாப்ள,” என்றார்.

அது மாப்பிள்ளையின் டை, தன்னுடையதல்ல. ஐடாவுக்குப் புரிந்தது, அழுகையும் வந்தது. இந்த வீம்பு பிடித்த மனுஷன் திரும்புகிற முடிச்சா, திரும்பாத முடிச்சா என்று நினைத்தாள்.

கைக்குப் பயிற்சி கொடுக்க நளினி என்ற பெண் வாரம் ஒருமுறை ஸ்கூட்டரில் வந்துகொண்டிருந்தாள். ஒருநாள் சைலஸ் இடது கையால் டம்ளரை எடுக்கப் போக, ஐடா எடுத்து வாயருகே கொண்டு போனதை அவள் பார்த்தாள். “ஆன்ட்டி, சொல்ப, கொஞ்சம் சும்மா இருங்க. எல்லாம் நீங்களே செஞ்சுட்டா அங்கிள் கை எதுக்குச் செய்யும்?” என்றாள். சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். அவள் போனபின் ஐடா மூன்றாவது புத்தகத்தை எடுத்தாள். இங்கிலீஷ் கடுமையாக இல்லை. முதல் அத்தியாயத்திலேயே அந்த இடம் வந்தது, மடியில் கை. இத்தனை வருஷம் அதை அவள் சைலஸின் குறும்பு என்றே நினைத்திருந்தாள். உட்கார்ந்து படித்தபோது, அவர் தன் கையிலிருந்து எதையும் ஒருநாளும் பிடுங்கியதில்லை என்பது நினைவுக்கு வந்தது.

அன்று சாயங்காலம் மெரூன் டையை அவர் மடியில் போட்டுவிட்டு மிஷின் ஸ்டூலில் உட்கார்ந்தாள். கைகளை மடியில் கோத்துக்கொண்டாள். சைலஸ் டையைப் பார்த்தார், அவள் கைகளைப் பார்த்தார். நெடுநேரம் கழித்து டையை எடுத்துக் கழுத்தில் போட்டார்.

அதன்பின் தினமும் அதே வேலை. சின்ன முனை ஓடாமல் இருக்கத் துணி உலர்த்தும் கிளிப்பை எடுத்து அதைச் சட்டையோடு சேர்த்துக் கவ்வவைக்க வேண்டும் என்று அவரே கண்டுபிடித்தார். ஐடாவுக்கு அது என்றோ தோன்றியிருந்தது, நாக்கைக் கடித்துக்கொண்டு இருந்தாள். கிளிப்புக்குப் பிறகுதான் உண்மையான சிக்கல். சின்ன வயதிலிருந்து வந்த பழக்கம் அவருக்கு அகல முனையை வலது பக்கம் தொங்கவிடச் சொன்னது. வலது பக்கத்தில் கையே இல்லை. இடது கை குறுக்கே நீண்டு அதைப் பிடித்துச் சுற்றப் போனால், இடையில் வழி தவறி, முடிச்சு வெறும் சுருளாக அவிழ்ந்து விழுந்தது. எல்லாவற்றையும் பக்கம் மாற்றிச் செய்ய வேண்டும் என்று அவர் தலைக்குத் தெரியும். மூன்று புத்தகம் படித்த தலை அது. கைக்குத்தான் தெரியவில்லை. கண்ணை மூடி யோசித்தால் பழைய வழியே வந்தது. ஐடா விரல் நகங்களை உள்ளங்கையில் அழுத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

குருத்தோலை ஞாயிறும் போயிற்று. சர்ச்சிலிருந்து ஓலைச் சிலுவையோடு திரும்பிய ஐடா, அவர் டையைக் கட்டிலில் எறிந்திருப்பதைப் பார்த்தாள். இதோடு விட்டுவிட்டார் என்று நினைத்தாள். சைலஸ் கம்பை ஊன்றி எழுந்து, பீரோவிலிருந்து பழைய நீல டை ஒன்றை எடுத்து வந்து அவள் கழுத்தில் போட்டார்.

“நீ,” என்றார். “கட்டு.”

“நானா? எனக்கு எங்கங்க தெரியும்?”

சைலஸின் வாய் திணறியது. சொல் எங்கோ கீழ் லெவலில் இருந்து கேஜில் ஏறி வருவதுபோல இருந்தது.

“கண்டு... புடி.”

ஆஸ்பத்திரிக்குப் போனதிலிருந்து அந்தச் சொல்லை அவர் சொன்னதே இல்லை. ஐடா முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். அது எவ்வளவு எரிச்சலான சொல் என்பதும் கூடவே ஞாபகம் வந்தது.

அவளுக்கு யாரும் கற்றுக் கொடுத்ததில்லை. ஆனால் மிஷினில் உட்கார்ந்தபடி எதிரே நின்று கட்டுகிறவரைப் பார்த்தது எத்தனை மாலைகள். அகல முனை அவள் கண்ணுக்கு இடது பக்கம் தொங்கும். அங்கிருந்து வலது பக்கம் தாண்டும், பின்னால் வரும், மறுபடி தாண்டும், கழுத்து வழியே மேலே ஏறிக் கீழே இறங்கும். பார்த்தது பார்த்தபடி செய்தாள். முதல் தடவை அவிழ்ந்தது. இரண்டாவது தடவை பின் பக்கம் வெளியே வந்தது. சைலஸ் அவளைப் பார்த்துக்கொண்டே இருந்தார். அவருடைய இடது கை அவர் மடியில், அசையாத வலது கையின் மேல் இருந்தது. மூன்றாவது தடவை முடிச்சு நின்றது.

ஐடா நிமிர்ந்து, “நேரா இருக்கா?” என்றாள்.

சைலஸ் முடிச்சையே பார்த்தார். அது சாய்ந்திருந்த பக்கம் தப்பு. அவர் கட்டும் முடிச்சு ஒரு பக்கம் கொஞ்சம் சாயும், இது அதற்கு மறுபக்கம் சாய்ந்திருந்தது. திடீரென்று அவர் சிரித்தார். மூச்சு முட்டச் சிரித்தார். ஐடாவுக்கு முதலில் பயமாக இருந்தது. அவர் தன் இடது கையை உயர்த்திக் காட்டினார், பிறகு அவள் டையைக் காட்டினார். அவளும் குனிந்து பார்த்தாள். இத்தனை வருஷம் எதிரிலிருந்து பார்த்ததால் அவள் கற்றிருந்தது அவருடைய முடிச்சின் கண்ணாடி உருவம். ஜாக்கெட்டின் இடது கை. இடது கைக்காரர் ஒருவர் கட்ட வேண்டிய டையைத்தான் அவள் கட்டியிருந்தாள்.

அவள் அவர் எதிரே வந்து நின்று சொல்லிக் கொடுக்கப் போனாள். சைலஸ் தலையாட்டினார். “எதிர்ல... இல்ல,” என்று அவள் மணிக்கட்டைப் பிடித்து இழுத்து, பீரோ கண்ணாடி முன்னால் தன் பக்கத்தில் நிறுத்திக்கொண்டார். கண்ணாடி குழப்பும் என்று சொன்ன மனுஷன்.

ஐடா நீல டையை அவிழ்த்து மெதுவாக மறுபடி ஆரம்பித்தாள். அவள் இடது கை அகல முனையைக் கொண்டு போனது. அவர் இடது கை கூடவே போனது. அவள் நின்றால் அதுவும் நின்றது. கண்ணாடியில் இரண்டு கைகள் ஒரே திசையில், ஒரே குறுக்கில் தாண்டின. பின்னால் சுற்றும் இடத்தில் அவருக்கு நழுவியது. அவள் வலது கை தானாக அவர் பக்கம் எழுந்தது. எழுந்ததை அவளே பிடித்துத் தன் புடவையோடு சேர்த்து அழுத்திக்கொண்டு காத்திருந்தாள். சைலஸ் அகல முனையை மறுபடி பிடித்தார், சுற்றினார். மேலே ஏற்றும்போது நுனியைப் பல்லால் கவ்வி, விரலால் உள்ளே தள்ளி இழுத்தார். முடிச்சு இறங்கி நின்றது. கிளிப்பை எடுத்தார்.

இருவரும் டை கட்டிக்கொண்டு கண்ணாடியில் தெரிந்தார்கள், ஒருவர் கோடு போட்ட சட்டையில், ஒருவர் புடவையில். மாவு கடன் கேட்க வந்த மங்கம்மா வாசலிலேயே நின்று, “அக்கா, ரெண்டு பேரும் எங்க இண்டர்வியூவுக்கா?” என்றாள்.

அன்று கட்டியதை சைலஸ் ஆணியில் மாட்டவில்லை. அவிழ்த்தார், மறுபடி கட்டினார். ஈஸ்டர் வரை தினமும் கட்டி அவிழ்த்துக்கொண்டே இருந்தார். அந்த லைனில் டையை வேண்டுமென்றே அவிழ்த்தவர் அவர் ஒருவராகத்தான் இருக்கும்.

ஈஸ்டர் காலையில் சைலஸ் கம்பை ஊன்றி, மெரூன் டையோடு நடந்து போய் பெஞ்சில் ஐடாவின் பக்கத்தில் உட்கார்ந்தார். ஆராதனை தொடங்குமுன் முன் பெஞ்சிலிருந்து கொர்னேலியஸ் திரும்பினார். கண் கலங்கியது. அதை மறைக்க டையைப் பார்த்தார், பார்த்ததும் நெற்றியைச் சுருக்கினார்.

“இன்னா சைலஸ், முடிச்சு அந்தப் பக்கம் சாஞ்சுனு கீது? கண்ணாடிக்குள்ள போய்க் கட்னியா?”

சைலஸ் ஐடாவைப் பார்த்தார். சொல்ல அவளிடம் நிறைய இருந்தது. நாக்கு நுனி வரை வந்தது. அவள் பாட்டுப் புத்தகத்தை மூடிவிட்டுக் கைகளை மடியில் வைத்துக்கொண்டாள்.

“கண்டுபுடிங்க அண்ணா,” என்றாள்.

சைலஸின் வாய் இடது பக்கம் மட்டும் சிரித்தது.